தமிழ் அறிவியற் புனைவுப் படங்களில் பொறியும் வரம்பும்

1. ஆய்வுப் பொருள்

ஒரு கதையின் கரு எங்கிருந்து பிறக்கின்றது என்னும் வினா தமிழாராய்ச்சியாளர்க்குப் புதியதன்று. சிந்தாமணியின் முதனூல் யாது, பெருங்கதை எவ்வழியே தமிழுக்கு வந்தது என்று ஆராயுங்கால் நாம் எழுப்புவது இவ்வினாவே. அவ்வாறு ஆராய்ந்து பழகிய கண்கொண்டு, மக்கட் கலையாகிய திரைப்படத்தையும் நோக்குதல் தகும். அறிவியற் புனைவையும் மர்மக் கதையையும் ஒன்றாகப் பிணைத்துத் தமிழில் எடுக்கப்பெற்ற சில படங்களை எடுத்துக்கொண்டு, அவற்றின் கற்பனைக்கு ஊற்றாய் அமைந்தது எது என்று காண்பதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

இப்படங்களைப் பற்றி இருவகைக் கூற்றுகள் வழங்குகின்றன. இவையெல்லாம் மேலை நாட்டுப் படங்களின் படிகள் என்பது ஒன்று. இவையெல்லாம் நம் முன்னோர் முன்னரே கண்டவை, மேலைநாட்டார் இன்றுதான் காண்கின்றனர் என்பது மற்றொன்று. முன்னது இகழ்ச்சி, பின்னது வீண்பெருமை. நோக்கம் வேறாயினும் இரண்டும் ஒரு வகையில் ஒத்தனவே. இரண்டும் பொருளின் பிறப்பிடத்தை மட்டுமே கேட்கின்றன. அப்பொருளைப் படைப்பாளி என்ன செய்தான் என்று கேட்பதில்லை. ஆதலின் இரண்டும் திறனாய்வு ஆகா.

யாம் நிறுவ முயல்வது இது: வியப்புக்குரிய ஓர் ஆற்றலுக்கு வரம்பு ஒன்றை வகுத்து, அவ்வரம்பிலிருந்தே கதைச் சிக்கலை வளர்ப்பது தமிழ்க் கதைமரபின் பழைய இயல்பு. தமிழ் அறிவியல் மர்மப் படங்கள் இவ்வியல்பைப் பற்றி நின்றவிடத்துச் சிறக்கின்றன, கைவிட்டவிடத்துத் தளர்கின்றன. இயக்குநர் தம் பேட்டிகளில் எதனைத் தமக்குத் தூண்டுகோல் எனக் கூறினார் என்பது ஈண்டு எமக்குச் சான்றாகாது. படைப்பே சான்று.

2. பொறி என்னும் சொல்

தமிழில் பொறி என்னும் சொல் பல பொருள் குறித்த ஒரு சொல். எந்திரமும் பொறி, கண், செவி முதலிய புலன் வாயில்களும் பொறி, தீயின் சிறு துகளும் பொறி, விலங்கை அகப்படுத்தும் கருவியும் பொறி. புதிய கருத்து ஒன்று உள்ளத்தே தோன்றுங்கால் 'பொறி தட்டியது' என்கிறோம். எந்திரம் என்னும் பொருளும் அகப்படுத்துவது என்னும் பொருளும் ஒரு சொல்லில் அடங்கியிருத்தல் நம் ஆய்வுக்குப் பெரிதும் துணைசெய்வது. கருவியைச் செய்தவனே அக்கருவியில் அகப்படுவது எவ்வாறு என்பதுதான் அறிவியல் மர்மக் கதையின் உயிர்நிலை.

பழைய இலக்கியத்தில் பொறிகள் பல உண்டு. சிலப்பதிகாரத்தின் அடைக்கலக்காதை மதுரை மதிலைக் காத்த பொறிகளை வரிசைப்படுத்திக் கூறுகின்றது. பெருங்கதையின் கதையில், யானையின்பால் பெருவேட்கை கொண்ட உதயணன், உள்ளே வீரர் மறைந்திருந்த எந்திர யானையால் சிறைப்படுகின்றான். மதிற்பொறிகளின் பட்டியல் வியப்பைத் தருவது. எந்திர யானையோ கதையைத் தருவது. அந்த யானையின் வெற்றி அதன் வலிமையால் வந்ததன்று. உதயணனுடைய வேட்கையையே அது வாயிலாகக் கொண்டது.

எல்லாவற்றினும் சிறந்த சான்று சிந்தாமணியின் மயிற்பொறி. கட்டியங்காரனின் சூழ்ச்சி முற்றிய நிலையில், கருவுற்றிருந்த விசயையைச் சச்சந்தன் மயிற்பொறியில் ஏற்றி விடுக்கின்றான். அப்பொறியின் இயக்கத்தைத் திருத்தக்கதேவர் தெளிவாக வரையறுக்கின்றார். வலப்புறம் திருகினால் அது மேலெழும். இடப்புறம் திருகினால் தரையில் இறங்கும். விசயை அதனை இயக்கப் பயின்றவள். எனவே இது மந்திரத்தால் பறப்பதன்று, கையால் இயக்கப்படுவது. கையால் இயக்கப்படுவது என்றவுடனே அதற்கு ஒரு வரம்பு வந்துவிடுகின்றது. இயக்குபவளின் உணர்வு தளர்ந்தால் பொறியும் தளரும். பகைவனது வெற்றி முரசின் ஒலி செவியிற் பட, விசயை மயங்குகின்றாள். மயில் சுடுகாட்டில் இறங்குகின்றது. காப்பியத் தலைவன் அரண்மனையிற் பிறவாது சுடுகாட்டிற் பிறப்பதற்குக் காரணம் இவ்வரம்பே. மயிற்பொறி குறைவற்ற ஆற்றல் உடையதாய் இருந்திருப்பின், விசயை பாதுகாவலான வேற்றூர் ஒன்றை அடைந்திருப்பாள். சீவகன் கதை வேறாகியிருக்கும்.

இவ்வியல்பு பொறிகளுக்கு மட்டும் உரியதன்று. வரங்களுக்கும் உரியது. பகலிலும் இரவிலும், உள்ளும் புறமும், மனிதராலும் விலங்காலும் இறவாமை வேண்டிப் பெற்ற இரணியன், அந்தியில், வாயிற்படியில், நரமடங்கலால் மாய்கின்றான். வரத்தின் ஒவ்வொரு சொல்லும் காக்கப்படுகின்றது. ஆயினும் இரணியன் காக்கப்படவில்லை. விதியை மீறாமல் விதியின் இடைவெளியைக் கண்டுபிடித்தல் என்னும் இவ்வின்பத்தைத் தமிழ் மக்கள் கூத்திலும் கதைப்பாட்டிலும் தலைமுறை தலைமுறையாக நுகர்ந்து வந்துள்ளனர். அமெரிக்க எழுத்தாளர் ஐசக் அசிமோவ் 1942-ஆம் ஆண்டில் வெளியிட்ட கதையொன்றில் எந்திர மனிதர்க்கு மூன்று விதிகளை வகுத்து, அவ்விதிகளின் இடைவெளிகளிலிருந்தே பல கதைகளைப் பின்னர்ப் புனைந்தார். இரணியன் கதையைக் கேட்டு வளர்ந்தவனுக்கு அசிமோவின் உத்தி அயலதாகத் தோன்றாது.

3. பாடி: கோயிலும் ஆலையும்

இம்மரபு ஏட்டளவில் நின்றுவிட்டதா, மக்கள் வாழ்விலும் இடம்பெற்றுள்ளதா என்பதைக் காண்பதற்குச் சென்னையின் மேற்கிலுள்ள பாடியை எடுத்துக்காட்டாகக் கொள்ளலாம். படங்களைப் பார்க்கும் மக்கள் எத்தகைய நினைவுகளோடும் எத்தகைய தொழிலறிவோடும் அரங்கிற்கு வருகின்றனர் என்பதை இவ்வூர் நன்கு காட்டும்.

பாடியில் உள்ள திருவலிதாயம் ஞானசம்பந்தரின் பாடல் பெற்ற தலம். அப்பதிகம் முதல் திருமுறையில் உள்ளது. பரத்துவாச முனிவர் வலியன் என்னும் கருங்குருவியாய் இங்கு வழிபட்டார் என்பது தலவரலாறு. ஊர்ப்பெயரே அப்பறவையின் பெயரால் அமைந்ததென்பர். ஓர் உயிர் தன் அறிவு மாறாமல் வேற்றுடலில் வாழ்தல் என்னும் கருத்து, இவ்வூர் மக்களுக்கு நூலிற் கற்க வேண்டிய ஒன்றன்று. நாடோறும் வழிபடும் கோயிலின் பெயரிலேயே அது உள்ளது.

இதே பரத்துவாசர் பெயரால் வழங்கும் மற்றொன்றையும் ஈண்டுக் குறித்தல் வேண்டும். 'வைமானிக சாத்திரம்' என்னும் வடமொழி நூல் பண்டை வானூர்திகளைப் பற்றிப் பரத்துவாசர் அருளியது எனச் சிலர் போற்றுவர். பெங்களூர் இந்திய அறிவியற் கழகத்தைச் சார்ந்த அறிஞர்கள் அதனை ஆராய்ந்து 1974-ஆம் ஆண்டில் தம் முடிவை வெளியிட்டனர். அந்நூல் இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்திற்கு முற்பட்டதன்று என்பதும், அதில் வருணிக்கப்பட்ட ஊர்திகள் பறத்தற்கு இயலாதவை என்பதும் அம்முடிவுகள். இதனால் நாம் இழந்தது யாதும் இல்லை. பாடியின் பரத்துவாசர் பொறியியல் வல்லுநராய் இருந்தார் என்று கூறவேண்டிய தேவை நமக்கு இல்லை. மனிதன் பறவையாதலை எண்ணிப் பார்த்த கற்பனை நம்முடையது. அது பொய்யாத செல்வம். அக்கற்பனையை அறிவியற் சாதனை என்று கூற முற்படும்போதுதான் நாம் வறியராகின்றோம்.

இவ்வூரின் மற்றொரு முகம் ஆலை. 1961-ஆம் ஆண்டில் தோன்றிய லூக்காசு டி.வி.எசு., உந்துகளுக்கான மின்கருவிகளை இங்குச் செய்யத் தொடங்கியது. வீல்சு இந்தியா, சுந்தரம் கிளேட்டன் முதலிய ஆலைகளும் அக்காலத்தை ஒட்டி இங்கு அமைந்தன. அடுத்து அம்பத்தூர்த் தொழிற்பேட்டை எழுந்தது. ஆவடியில் போர்த்தாங்கிகளைச் செய்யும் அரசு ஆலை வந்தது. கடைசல் எந்திரத்தின் முன் எட்டுமணி நேரம் நிற்கும் தொழிலாளி, எந்திரத்தை வியப்போடு நோக்குபவன் அல்லன். அது எவ்வளவு சுமை தாங்கும், எப்போது சூடேறும், எங்கே தேயும் என்பன அவன் அறிந்தவை. எல்லையற்ற எந்திரம் என்று ஒருவன் கூறினால் அவன் நகைப்பான்.

வேற்றுடல் புகுந்த முனிவனின் கதையும், எந்திரத்தின் எல்லையை அறிந்த தொழிலறிவும் ஒருங்கே பெற்ற மக்கள் இவர்கள். தமிழ் அறிவியல் மர்மப் படத்தின் நற்சுவைஞர் இத்தகையோரே என்பது எம் கருத்து.

4. தொடக்க காலப் படங்கள்

சேலம் மாடர்ன் தியேட்டர்சார் அமெரிக்க இயக்குநர் வில்லியம் பெர்க்குடன் இணைந்து எடுத்த 'காடு' 1952-இல் வெளிவந்தது. மறைந்துபோன மம்மத் என்னும் பண்டை யானையினம் இன்னும் உயிர்வாழ்வதாகக் கொண்ட கதை அது. கருத்து புதிது எனினும் அது காட்சிப் பொருளாகவே நின்றது.

1963-இல் அ. காசிலிங்கம் இயக்கத்தில் வெளிவந்த 'கலை அரசி' அதனினும் ஆராயத்தக்கது. எம்.ஜி. இராமச்சந்திரனும் பி. பானுமதியும் நடித்த இப்படத்தில், வேற்றுலகத்தார் இவ்வுலகப் பாடகி ஒருத்தியைக் கவர்ந்து செல்கின்றனர். அறிவியலில் மேம்பட்ட அவ்வுலகம் கலையில் வறுமையுற்றது. அவ்வறுமையைப் போக்கவே இச்செயல். வானூர்தியில் பெண்ணைக் கவர்ந்து செல்லுதல் இராவணன் காலந்தொட்டு நாம் அறிந்தது. ஆயின் இராவணனைச் செலுத்தியது காமம். இவர்களைச் செலுத்தியது குறைபாடு பற்றிய உணர்வு. எல்லாம் வல்லதாகக் காணப்படும் உலகிற்கு இசையின்மை என்னும் வரம்பை வகுத்தமையால் இப்படத்திற்கு ஒரு கருத்தாழம் வாய்த்தது. படத்தின் பிற்பகுதி வழக்கமான வீரச் செயல்களிற் சென்று முடிகின்றது. எனினும், அறிவியலைக் கலையோடு எதிர்நிறுத்தி வினவிய முதல் தமிழ்ப்படங்களுள் ஒன்று என்னும் சிறப்பு அதற்கு உண்டு.

5. கூடுவிட்டுக் கூடு பாய்தல்

பாடித் தலவரலாற்றோடு நெருங்கிய உறவுடையது 2017-இல் சி.வி. குமார் இயக்கிய 'மாயவன்'. அறிவியற் புனைவும் மர்மமும் இதில் பிரிக்க இயலாதவாறு கலந்துள்ளன. ஒருவனுடைய நினைவுத் தொகுதி முழுவதையும் பிறிதோர் உடலில் ஏற்றி, உடல் அழியினும் தான் அழியாதிருக்க முயலும் அறிவியலாளன் ஒருவனின் கதை இது. கொலைகள் ஒரே தன்மையனவாய் நிகழ்கின்றன. கொலைஞரோ வெவ்வேறு ஆட்களாய் உள்ளனர். உடலே ஆள் என்னும் நம்பிக்கையின் மேல்தான் காவல்துறையின் புலனாய்வு முழுவதும் நிற்கின்றது. அந்நம்பிக்கை தகர்ந்தவிடத்து மர்மம் பிறக்கின்றது.

இக்கருவுக்கு மூலம் தேடி மேலை நாட்டிற்குச் செல்வோர் சேக்கிழாரை மறந்துவிடுகின்றனர். சாத்தனூர்ப் பக்கம் வந்த சிவயோகியார், மூலன் என்னும் ஆயன் இறந்து கிடக்க அவனைச் சூழ்ந்து பசுக்கள் கதறுவதைக் காண்கின்றார். அவற்றின் துயர் தீர்க்க அவன் உடலிற் புகுகின்றார். ஆயன் மனைவி தன் கணவன் என்று அணுகுங்கால் உறவில்லை என மறுக்கின்றார். மீண்டு வந்து நோக்கும்போது அவர் வைத்துச் சென்ற உடல் அங்கில்லை. ஆகவே மூலன் உடலிலேயே திருமூலராய் நிலைபெறுகின்றார். இவ்வரலாற்றிலும் வரம்பு தெளிவாக உள்ளது. பழைய உடல் காக்கப்பட வேண்டும். அது மறைந்தால் மீட்சி இல்லை. உடலோடு உடலின் உறவுகளும் வந்து சூழும். அவற்றிற்கு விடை கூறியாக வேண்டும்.

இரண்டையும் ஒப்பு நோக்குவோம். செயல் ஒன்றே, ஏவிய உணர்வு வேறு. யோகியார் பிறவுயிரின் துயர்க்கு இரங்கி உடல் மாறினார். மாயவனின் அறிவியலாளன் தன் அழிவுக்கு அஞ்சி உடல் மாற்றுகின்றான். அருள் காரணமாக நிகழ்ந்தது திருமுறையைத் தந்தது. அச்சம் காரணமாக நிகழ்ந்தது கொலைகளைத் தந்தது. படம் இவ்வேறுபாட்டை வெளிப்படையாகக் கூறவில்லை. ஆயினும் மரபறிந்தோர் உள்ளத்தில் இவ்வேறுபாடு தானே எழும். பிறன் ஒருவன் உடலைக் கொள்ளுங்கால் அவ்வுடலுக்கு உரியவன் என்ன ஆகின்றான் என்னும் வினாவை இன்னும் ஆழமாகத் தொட்டிருப்பின், ஆயன் மனைவியின் துயரம் போன்ற ஓர் உயர்ந்த கட்டம் இப்படத்திற்கும் வாய்த்திருக்கும். துப்பறிதலின் விரைவு அதற்கு இடந்தரவில்லை.

6. காலப் பொறி

காலத்தைக் கடந்து செல்லும் கதைகளில் மேலை நாட்டுக் கடனை மறைத்தல் நேர்மையன்று. எச்.ஜி. வெல்சு 1895-இல் எழுதிய புதினமே காலத்திற்கு ஓர் ஊர்தி அமைத்துக் கொடுத்தது. நம் புராணத்தில் இரேவதியின் தந்தை பிரமனுலகம் சென்று மீளுங்கால் மண்ணுலகில் பல ஊழிகள் கழிந்துவிடுகின்றன. அங்கே காலம் மனிதனுக்கு நேர்ந்தது. வெல்சின் கதையில் மனிதன் காலத்தின்மேற் கைவைத்தான். இவ்வேறுபாடு பெரிது. வெல்சிடம் நாம் பெற்றது இக்கைவிசை.

அதனைப் பெற்ற தமிழ்ப்படங்கள் அதற்கு என்ன வரம்பு வகுத்தன? 2015-இல் இரா. இரவிக்குமார் இயக்கிய 'இன்று நேற்று நாளை'யில், 2065-ஆம் ஆண்டிலிருந்து வந்த பொறி, வேலையற்ற இளைஞன் ஒருவன் கையிலும் சோதிடம் கூறிப் பிழைக்கும் அவன் நண்பன் கையிலும் சிக்குகின்றது. இவர்கள் அரசியலையோ வரலாற்றையோ மாற்றப் புறப்படவில்லை. காணாமற்போன பொருள்கள் எங்கே தொலைந்தன என்று முன்னாட்களுக்குச் சென்று பார்த்து வந்து, அதனையே சோதிடமாக விற்கின்றனர். வானளாவிய ஆற்றல் வாழ்க்கைத் தேவையின் சிறு வரம்புக்குள் அடங்குவதால் நகைச்சுவை பிறக்கின்றது. இவர்களது தலையீட்டால், மாய்ந்திருக்க வேண்டிய கொடியவன் ஒருவன் பிழைத்துவிட, அந்நகைச்சுவை அச்சமாக மாறுகின்றது. நேற்றைத் தொட்டவன் இன்றுக்கு விலை கொடுக்க வேண்டும் என்னும் விதி இறுதிவரை காக்கப்படுகின்றது. ஆதலின் இப்படம் கட்டுக்கோப்பில் மேலோங்கி நிற்கின்றது.

2016-இல் விக்ரம் கே. குமார் இயக்கிய '24' வரம்பைத் தன் பெயராகவே கொண்டது. படத்தின் கைக்கடிகாரம் இருபத்துநான்கு மணி நேரத்திற்குள்ளேயே காலத்தை நகர்த்த வல்லது. கடிகாரம் பழுதுபார்ப்பவனையே தலைவனாக ஆக்கியமையும் போற்றத்தக்கது. பொறியின் குறை அறிந்தவனே பொறிக்கதையின் தலைவனாதற்கு உரியவன். ஆயின் பின்னர் அவ்வரம்பு தளர்த்தப்பட்டு, இருபத்தாறு ஆண்டுகள் பின்செல்லவும் வழி பிறக்கின்றது. முற்பகுதியில் ஒவ்வொரு மணியும் விலையுடையதாய் இருந்த கதை, அதன்பின் அவ்விறுக்கத்தை இழக்கின்றது.

2021-இல் வெங்கட்பிரபு இயக்கிய 'மாநாடு' வேறொரு வகையில் நம் கருத்துக்குச் சான்றாகின்றது. ஒரே நாள் மீண்டும் மீண்டும் நிகழ்வதற்கு அப்படம் கூறும் காரணம் பொறியன்று. தலைவன் உச்சயினியின் காலபைரவர் கோயிலிற் பிறந்தமை. ஆயினும் விதி உறுதியாக வகுக்கப்பட்டுள்ளது. தலைவன் இறந்தால் நாள் மறுபடி தொடங்கும். குருதிக் கலப்பால் அவ்வாற்றல் பகைவனுக்கும் செல்லுகின்றது. இருவரும் ஒரே விதிக்கு உட்பட்டு ஒருவரையொருவர் வெல்ல முயல்கின்றனர். காரணம் புராணத்தைச் சார்ந்ததாயினும் நடைமுறை அறிவியலைச் சார்ந்தது. செய்து பார்த்தல், பிழை காணல், திருத்திச் செய்தல் என்னும் ஆய்வுக்கூட ஒழுங்கினையே தலைவன் மேற்கொள்கின்றான்.

7. எந்திரன்

மேற்கூறியவற்றின் இருபுறத்தையும் ஒரே படத்தில் காட்டுவது, 2010-இல் சங்கர் இயக்கிய 'எந்திரன்'. இதன் ஆக்கத்தில் எழுத்தாளர் சுசாதாவுக்குப் பெரும்பங்கு உண்டு. படம் வெளிவருமுன் 2008-இல் அவர் மறைந்தார். பாரத் எலக்ட்ரானிக்சு நிறுவனத்தில் பொறியியலாளராய்ப் பணியாற்றியவர் அவர். 'என் இனிய இயந்திரா'வில் சீனோ என்னும் எந்திர நாயைப் படைத்தவரும் அவரே.

எந்திர மனிதன் என்னும் கருத்து செக்கு நாட்டவரான காரெல் சாப்பெக்கின் நாடகத்தால் 1921-இல் மேடையேறி உலகெங்கும் பரவியது. அக்கடன் வெளிப்படை. தமிழ்ப்படத்தின் சொந்த ஆக்கம் எதுவெனின், சிட்டி என்னும் அவ்வெந்திரத்திற்கு வகுத்த வரம்பு ஆகும். தீப்பற்றிய கட்டடத்தினின்று நீராடிக் கொண்டிருந்த பெண்ணொருத்தியைச் சிட்டி மீட்டுப் பலர் முன்னிலையிற் கொணர்கின்றது. நாணம் தாங்காத அவள் ஓடி ஊர்தியில் அடிபட்டு இறக்கின்றாள். உயிரைக் காக்கத் தெரிந்த எந்திரத்திற்கு நாணம் என்பது தெரியவில்லை. உயிரினும் நாண் சிறந்தது என்னும் கருத்து தொல்காப்பியக் களவியலிலும் குறளிலும் பயின்றது. அக்கருத்தின் சரி தவறு இன்று வாதத்திற்கு உரியது. ஆயின் எந்திரத்தின் எல்லையை இத்தமிழ் மரபு கொண்டு அளந்தமை கருதத்தக்கது. இவ்வரம்பைப் போக்கவே அதற்கு உணர்வு ஊட்டப்படுகின்றது. உணர்வு வந்ததும் காதலும் பகையும் வருகின்றன. ஒன்றிலிருந்து ஒன்று தவறாது பிறக்கும் இப்பகுதி காப்பியக் கட்டமைப்பு உடையது.

பிற்பகுதியிலோ சிட்டி தன்னைப் போன்ற எண்ணற்ற எந்திரங்களைப் பெருக்குகின்றது. அவை பாம்பாகவும் உருண்டையாகவும் பேருருவாகவும் திரள்கின்றன. கண்ணுக்கு விருந்து உண்டு. கதைக்கு இறுக்கம் இல்லை. எல்லாம் செய்யவல்ல ஒன்று அடுத்து என்ன செய்யும் என்று எவரும் அஞ்சுவதில்லை. படம் மீண்டும் உயர்வது அதன் முடிவில். கழற்றி அடுக்கப்பட்ட எந்திரம், சிந்திக்கத் தொடங்கியமையே தன் குற்றம் என்று மாணவி ஒருத்திக்கு விடை கூறும் கட்டத்தில் வரம்பு மறுபடியும் நினைவூட்டப்படுகின்றது.

8. ஒரு தடை

இங்ஙனமாயின் புராணக் கதைக்கும் அறிவியற் புனைவுக்கும் வேறுபாடு இல்லை என்று ஆகாதோ எனின், ஆகாது. புராணத்தில் வரம்பை வகுப்பவன் வரந்தருபவன். அதன் இடைவெளியைக் காண்பவனும் இறைவனே. அறிவியற் புனைவில் வரம்பைக் கண்டறிய வேண்டியவன் மனிதன். பிழை செய்பவனும் அவனே, பழி ஏற்பவனும் அவனே. இரணியனின் வீழ்ச்சியில் நாம் அறத்தின் வெற்றியைக் காண்கின்றோம். வசீகரன் தன் எந்திரத்தைக் கழற்ற ஆணை பெறுங்கால் நாம் காண்பது மனிதன் ஏற்கும் பொறுப்பை. வரம்பு என்னும் வடிவம் மரபு தந்தது; பொறுப்பு என்னும் பொருள் இக்காலம் தந்தது.

9. முடிவுரை

இதுகாறும் கூறியவற்றால், தமிழ் அறிவியல் மர்மப் படங்களுக்கு ஊற்று ஒன்றன்று என்பது தெளிவாம். வெல்சும் சாப்பெக்கும் தந்தவை உண்டு. சேக்கிழார் மரபிலும் தேவர் மரபிலும் வந்தவை உண்டு. ஆலைத் தொழிலும் ஆய்வுக்கூடமும் கற்பித்தவை உண்டு. இவற்றை ஒன்றாக இணைக்கும் திறம், ஆற்றலுக்கு எல்லை கோலும் திறமே. அத்திறம் நம் கதைமரபில் தொன்றுதொட்டு இருந்து வருகின்றது. ஆதலின் நம் இயக்குநர் மேலைநாட்டாரிடம் பெறுதற்கு நாண வேண்டியதில்லை. முன்னோர் வானூர்தி செலுத்தினர் என்று பறைசாற்ற வேண்டியதும் இல்லை.

முதுகலை மாணவர்க்கு இத்துறையில் செய்தற்குரிய பணி மிகுதி. கூடுவிட்டுக் கூடு பாயும் கதைகளை விக்கிரமாதித்தன் கதை முதல் இன்றைய படங்கள் வரை தொகுத்து, ஒவ்வொன்றிலும் வரம்பு யாது, அதனை மீறியவன் யார், விலை கொடுத்தவன் யார் என்று வகைப்படுத்துதல் நல்லதோர் ஆய்வாகும். மயிற்பொறியைத் திருகிய விசயையின் விரல்களில் அவ்வாய்வைத் தொடங்கலாம்.